பஸ்ரியாம்பிள்ளை செத்துக்காட்டிய நாள்

நெடுந்தீவில் செத்தவர்களைப் பற்றிக் கதைப்பதற்கு ஆள் குறைவில்லை. ஆனால் தான் செத்துப்போன செய்தியைக் கோயில் வாங்கில் கால்மேல் கால் போட்டுக்கொண்டிருந்து காதாரக் கேட்ட மனிதர் பஸ்ரியாம்பிள்ளை ஒருவர்தான். கேட்டதும் அவருக்குக் கோபம் வந்தது. செத்ததற்காக அல்ல, செத்த விதத்துக்காக.

எண்பத்தேழாம் ஆண்டு ஆவணி மாதம் அது. ஒப்பந்தம் கைச்சாத்தாகி, இந்திய இராணுவம் வந்திறங்கி, வெடிச்சத்தம் கொஞ்சம் ஓய்ந்திருந்தது. எங்கெங்கோ முடங்கிக் கிடந்த தபால் மூட்டைகளெல்லாம் தீவுக்குப் படகு வெளிக்கிடுகிற குறிகட்டுவான் துறையில் வந்து குவிந்தன. அப்படி ஒரு மூட்டைக்குள்தான் பாரிசில் இருந்து இராயப்பு அனுப்பிய புத்தகம் வந்தது. இராயப்பு, பஸ்ரியாம்பிள்ளையின் ஒரே தம்பி. மூன்று வருடத்துக்கு முன் போனவன், அங்கே ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியில் கோப்பை கழுவுகிறான். அந்தக் கடைக்கு மேல்மாடியில் சொலாஞ் பெர்த்துவா என்று நாவல் எழுதுகிற அம்மா ஒருத்தி குடியிருக்கிறாள். பிரான்ஸ் முழுக்கப் பெயர் பெற்றவளாம். மத்தியானச் சாப்பாட்டுச் சனம் போன பிறகு கீழே இறங்கி வந்து, குசினி வாசலில் ஒரு கதிரையைப் போட்டுக்கொண்டு, இராயப்புவிடம் ஊர்க்கதை கேட்பாளாம். தன் வீட்டுப் பின்னறையையும் அவனுக்கே ஒதுக்கிக் கொடுத்திருக்கிறாளாம். இந்த விபரமெல்லாம் இராயப்பு தன் அண்ணி அல்போன்சம்மாவுக்கு எழுதும் கடிதங்களில் வந்தவை. அண்ணைக்கு அவன் எழுதுவதில்லை. எழுதினாலும் அண்ணை வாசிக்கப் போவதில்லை.

இரண்டு பேரும் முகம் முறிந்ததற்குக் காணியும் காரணமில்லை, வள்ளமும் காரணமில்லை. சாட்சாத் அந்தோனியார்தான் காரணம். திருநாளன்று அந்தோனியாரின் சிலை இருக்கிற சுருவக்கூட்டை நாலு பேர் தோளில் காவிக்கொண்டு ஊரைச் சுற்றி வருவார்கள். முன்பக்கத்து வலது காவுதடி இவர்கள் வீட்டு மூத்த ஆம்பிளைக்கு, இடது இளையவனுக்கு. தலைமுறை தலைமுறையாக அதுதான் வழக்கம். எண்பத்துநாலாம் ஆண்டுத் திருநாளில், கூடு தூக்குகிற நேரம் பார்த்து, இராயப்பு ஒரு சொல்லும் சொல்லாமல் அண்ணையை இடித்து விலக்கிவிட்டு வலது தடிக்குக் கீழே தோளைக் கொடுத்துவிட்டான். சனம் முழுக்கப் பார்த்துக்கொண்டு நின்றது. பஸ்ரியாம்பிள்ளை கொதித்துப்போய், நான் சாகமுன்னம் உனக்கென்னடா அவசரம் என்று சுருவத்துக்கு முன்னாலேயே கத்தினார். தம்பி வாய் திறக்கவில்லை. கொஞ்ச நாளில் வெளிநாட்டுக்கு வெளிக்கிட்டான். துறையடிக்கு ஊரே போய் வழியனுப்பியது. அண்ணை மட்டும் வலை பொத்த வேண்டும் என்று சொல்லிக்கொண்டு மற்றப் பக்கத்துக் கடற்கரைக்குப் போய்விட்டார். பொத்துவதற்கு அங்கே ஒரு வலையும் இருக்கவில்லை.

அன்றிலிருந்து இடது தடிக்குக் குள்ளச் சந்தியாப்பிள்ளைதான் தோள் கொடுக்கிறார்.

புத்தகம் வந்ததும் அதைப் பங்குக் குருவான சவிரிமுத்து சுவாமியிடம் கொண்டுபோனார்கள். தீவில் பிரெஞ்சு தெரிந்த ஒரே ஆள் அவர். குருமடத்தில் வெள்ளைக்காரச் சுவாமிமாரிடம் படித்தது. அந்தப் பிரெஞ்சில் செபம் சொல்லலாம், பாவசங்கீர்த்தனம் கேட்கலாம், ஆயரின் சுகம் விசாரிக்கலாம். அதற்குமேல் அவர் அந்த மொழியில் வாசித்ததெல்லாம் அர்ச்சியசிட்டவர்களின், அதாவது புனிதர்களின், சரித்திரம் மட்டும்தான். ஆகையால் பிரெஞ்சில் அச்சடித்திருந்தால் அது நடந்ததாகத்தான் இருக்க வேண்டும் என்பதில் சுவாமிக்குச் சந்தேகமே இல்லை. செபமாலை முடிந்த பிறகு சனத்தை இருத்திவைத்து, தவக்காலத்தில் சரித்திரம் வாசிக்கிற அதே குரலில், வாசித்து வாசித்துத் தமிழில் சொன்னார். சில பக்கங்கள் வரும்போது முகம் சிவந்து, இதிலே இயற்கை வர்ணனை என்று சொல்லி இரண்டு மூன்று தாளைச் சேர்த்துப் புரட்டிவிடுவார். அந்தப் புத்தகத்தில் இயற்கை வர்ணனை கொஞ்சம் அதிகம்தான்.

கல்மதில்களும் காட்டுக்குதிரைகளும் நிறைந்த ஒரு தீவு. அதில் பஸ்தியன், பியேர் என்று அண்ணன் தம்பி. இராயப்புக்குப் பிரெஞ்சில் பியேர்தான் என்றார் சுவாமி. பேரைக் கேட்டதுமே சனம் திரும்பிப் பஸ்ரியாம்பிள்ளையைப் பார்த்தது. பஸ்தியன் சேணமில்லாமல் குதிரை ஓடுகிறான் என்று சுவாமி வாசித்தபோது, காலில் குதிரை கடித்த தழும்பைப் பஸ்ரியாம்பிள்ளை மெல்லச் சாரத்துக்குள் மறைத்தார். கடைசியில் தம்பி படகேறிப் போகிறான். கரையில் நின்ற அண்ணனுக்கு மனம் பொறுக்கவில்லை. கடலில் குதித்து, தம்பியின் பேரைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டு, படகுக்குப் பின்னால் நீந்தி, நீந்தி, தாழ்ந்துபோகிறான். பெண்டுகள் மூக்கைச் சிந்தினார்கள்.

பஸ்ரியாம்பிள்ளை எழும்பி நின்றார். "சுவாமி, கரையிலையிருந்து கூப்பிடுதூரத்திலை நான் தாழுறதோ? பிறந்த நாள் தொடக்கம் கடலிலை கிடக்கிறவன் நான். உவன் என்ன கதை சொல்லி வைச்சிருக்கிறான்?"

அதுதான் சங்கதி. தம்பி அங்கே போயிருந்து அண்ணன் செத்துப்போனான் என்று சொல்லியிருக்கிறான், அந்த அம்மா அதை நம்பி எழுதியிருக்கிறாள், இதுதான் சுவாமியின் தீர்ப்பு. நாவல் என்றால் இல்லாததையும் எழுதுவார்கள் என்று சொல்ல அந்தக் கோயிலுக்குள் ஒருவருக்கும் தோன்றவில்லை. கோபத்தில் அப்படிச் சொல்லியிருப்பான் என்றார்கள் சிலர். இரக்கம் தேடச் சொல்லியிருப்பான் என்றார்கள் வேறு சிலர். அத்தோடு முடிந்திருந்தால் வயிறெரிந்துகொண்டாவது பேசாமல் இருந்திருப்பார் மனிதர். அடுத்த தபாலில் அல்போன்சம்மாவுக்கு இராயப்புவின் கடிதம் வந்தது. அந்த அம்மா புரட்டாதியில் ஊரைப் பார்க்க வருகிறா, ஒரு குறையும் வையாதேங்கோ என்று எழுதியிருந்தான்.

ஊர் பதறிப்போனது. வருகிறவள் செத்தவனை உயிரோடு கண்டால், இராயப்பு பொய்யன் என்று தெரிந்துவிடும். பின்னறையும் போகும், வேலையும் போகும், அந்தக் குளிருக்குள் பொடியன் எங்கே போய் நிற்பான்? ஒரே ஒரு வழிதான் இருக்கிறது, பஸ்ரியாம்பிள்ளை ஒரு நாளைக்குச் செத்திருக்க வேண்டும். பொய் சொல்வது பாவம் இல்லையோ என்று மாக்கிறேற் கேட்டாள். அவள் பக்கத்து வீட்டுக்காரி, எல்லாவற்றையும் கேட்பவள். கேட்டால் மட்டும்தான் சொல்லுவோம் என்று சுவாமி சமாளித்தார்.

உவனுக்காக நான் சாகமாட்டேன் என்று பஸ்ரியாம்பிள்ளை ஒற்றைக்காலில் நின்றார். அல்போன்சம்மா அடுப்பை ஊதிக்கொண்டிருந்தவள், திரும்பியும் பார்க்காமல் சொன்னாள்: "உயிரோடை இருந்து அந்தப் பிள்ளைக்கு நீங்கள் ஒண்டும் செய்யேல்லை. ஒரு நாளைக்குச் செத்தெண்டாலும் உதவுங்கோ."

அவர் துவாயை உதறித் தோளில் போட்டுக்கொண்டு, சுவாமியிடம் சம்மதம் சொல்லப் போனார்.

புரட்டாதியில் ஒரு காலை சொலாஞ் பெர்த்துவா வந்து இறங்கினாள். ஐம்பதைத் தாண்டிய ஒல்லி மனுசி. கடல் ஒத்துக்கொள்ளாமல் முகம் வெளுத்து, ஓலைத்தொப்பி ஒரு பக்கம் சரிந்து கிடந்தது. துறையடியில் ஊர் திரண்டு நின்றது. முன்னால் சுவாமி. அவருக்குப் பக்கத்தில் வெள்ளைச்சீலை உடுத்து அல்போன்சம்மா. சீலை மாற்றச் சம்மதித்தவள் தாலியைக் கழற்றச் சம்மதிக்கவில்லை. கொடியைச் சட்டைக்குள் செருகிக்கொண்டு, ஆர் சொன்னாலும் உது மட்டும் ஏலாது என்று சொல்லிவிட்டாள். கொஞ்சம் தள்ளி, தலையில் துவாயைச் சுற்றிக்கொண்டு, அப்புத்துரையிடம் இரவல் வாங்கிய மாட்டு வண்டிலோடு பஸ்ரியாம்பிள்ளை நின்றார். அவர்தான் வண்டில்காரன். வீட்டில் ஒளிந்திருங்கோ என்று சொல்லிப் பார்த்தார்கள். தன் சாவைத் தான் பார்க்காமல் வேறு யார் பார்ப்பது என்று கேட்டுவிட்டார்.

அந்த அம்மா கரையில் கால் வைத்ததும் வாய்விட்டுச் சொன்ன முதல் சொல் "பஸ்தியன்?" என்பதுதான். சொல்லிக்கொண்டு ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். சுவாமி தலையைக் குனிந்து, பாடமாக்கி வைத்திருந்த வசனத்தைச் சொன்னார். அவர் கடவுளோடு இருக்கிறார் என்பது அதன் பொருள். அவள் துறைக்கல்லில் அப்படியே குந்திவிட்டாள். எப்போது என்று கேட்டாள். திகதி ஒன்றும் ஆயத்தம் பண்ணி வைத்திருக்காத சுவாமி, போன தவக்காலம் என்று வாயில் வந்ததைச் சொன்னார். கடலிலா என்று கேட்டாள். கடலில்தான் என்றார். அதற்குப் பிறகு அவள் அழுதுகொண்டே படபடவென்று கதைத்ததில் சுவாமிக்கு அரைவாசியும் பிடிபடவில்லை. திருப்பிச் சொல்லும்படி கேட்க அவருக்குக் கௌரவம் இடம் கொடுக்கவில்லை. ஓம் ஓம் என்று தலையை ஆட்டிக்கொண்டிருந்தார்.

பஸ்ரியாம்பிள்ளைக்கு உள்ளுக்குள் கொஞ்சம் சந்தோசம்தான். தனக்காக ஒரு பிரெஞ்சுக்காரி நெடுந்தீவுத் துறையில் இருந்து அழுவாள் என்று அவர் கனவிலும் நினைத்திருக்கவில்லை. சொந்தச் சனம் அழுத அழுகைதான் அவருக்குப் போதவில்லை. மாக்கிறேற் சீலைத்தலைப்பால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள், அது அழுகையல்ல என்று அவருக்குத் தெரியும். செத்தவர் எப்படிப்பட்டவர் என்று வெள்ளைக்காரி வழியில் கேட்டபோது, சுவாமி சனத்தைப் பார்த்தார். சனம் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தது. கடைசியில் சந்தியாப்பிள்ளை, நல்ல மனுசன், குரல்தான் கொஞ்சம் பெரிசு என்றார். வேறு ஒருவரும் ஒன்றும் சேர்க்கவில்லை. வண்டில் மாட்டின் வாலை வண்டில்காரன் ஏன் அப்படி முறுக்கினான் என்று அப்புத்துரைக்கு விளங்கவில்லை.

மத்தியானம் வீட்டில் சாப்பாடு. வெள்ளைக்காரிக்கும் சுவாமிக்கும் மேசையில் வைத்தார்கள். வண்டில்காரன் குசினி வாசலில் சப்பாணி கொட்டிக்கொண்டு இருந்தார். பாரைமீன் குழம்பு. அல்போன்சம்மா குனிந்து குனிந்து பரிமாறினாள், சட்டைக்குள் கிடந்த தாலிக்கொடி இரண்டு தரம் வெளியே எட்டிப் பார்த்தது. பிறகு, கலியாணம் செய்த நாளிலிருந்து செய்து பழகிய கை, யோசனை எதுவும் இல்லாமல், சட்டிக்குள் கிடந்த பெரிய மீன்தலையை எடுத்து வண்டில்காரனின் சோற்றுக் கோப்பையில் வைத்தது. அவரும் யோசனை எதுவும் இல்லாமல் அதன் கண்ணைத் தோண்டி வாயில் போட்டார்.

அந்தத் தீவில் மீன்தலை வீட்டுத் தலைவனுக்குத்தான். இது இராயப்பு சொல்லி அந்த அம்மாவுக்குத் தெரியும். தகப்பன் செத்த பிறகு முதல்முதல் தலை அண்ணன் கோப்பைக்குப் போனதையும், தம்பி அதைப் பார்த்துக்கொண்டிருந்ததையும் ஒரு பக்கம் முழுக்க எழுதியவள் அவள். ஊருலகம் காணாததைத் தன் கண் காணும் என்ற பெருமை அவளுக்கு உண்டு. அவள் வண்டில்காரனைப் பார்த்தாள். விதவையின் கழுத்தைப் பார்த்தாள். கண்ணீர் நின்றுவிட்டது. கையிலிருந்த கரண்டியை வைத்துவிட்டு எழும்பி, கல்லறைக்குப் போவோம் என்றாள்.

கல்லறைக்கும் ஊர் ஆயத்தமாகத்தான் இருந்தது. புதிதாக ஒன்று வெட்ட மனமில்லாமல், அல்போன்சம்மாவின் தாய் றோஸ் மனுசியின் குழியைத்தான் பஸ்ரியாம்பிள்ளைக்கு ஒதுக்கியிருந்தார்கள். சிலுவையில் இருந்த பேரைப் பூமாலை போட்டு மூடியிருந்தது. உயிரோடு இருந்த காலத்தில் மாமியாரோடு ஒரு கூரைக்குக் கீழே ஒரு நாள் இருக்கமாட்டேன் என்ற மனிதருக்கு இந்த ஏற்பாடு கொஞ்சமும் பிடிக்கவில்லை. என்ன செய்வது, செத்தவனிடம் யார் கேட்கிறார்கள்.

அந்த அம்மா குழியடியில் முழங்காலில் நின்றாள். இப்போது அவள் ஆறுதலாக, ஒவ்வொரு சொல்லாக, செபம் சொல்வதுபோல் கதைத்தாள். சுவாமிக்கு அன்று முதல்தரம் எல்லாம் விளங்கியது. பூசையில் வாசகத்தைத் தமிழாக்குகிற பழக்கத்தில், அவள் ஒரு வசனம் சொல்ல, அவர் ஒரு வசனம் சொன்னார்.

"பஸ்தியன், நீ உயிரோடை இருக்கிறாய் எண்டுதான் பியேர் எனக்குச் சொன்னவன். உன்னைச் சாக்காட்டினது நான். கதை முடியிறதுக்கு அது தேவைப்பட்டுது."

சொல்லி முடித்த பிறகுதான் தான் சொன்னது என்ன என்று சுவாமிக்கு உறைத்தது. அவர் வாய் திறந்தபடி நின்றார். அவளோ தன்பாட்டில் சொல்லிக்கொண்டு போனாள். தனக்கு மூன்று புருசன்மார், மூன்று பேரும் சுகமாக இருக்கிறார்கள், மூன்று பேரையும் நாவல்களில் சாகவைத்தாயிற்று. பிடித்தவர்களைச் சாகவைக்காமல் தனக்கு எழுத வராது. ஒருவருக்கும் இதுவரை ஒன்றும் நடந்ததில்லை. நீ மட்டும் ஏன் நான் எழுதியபடியே செய்தாய்? நான் வந்தது உன்னிடம் மன்னிப்புக் கேட்க, தம்பி சொல்லிவிட்ட ஒரு செய்தியை உன் கையைப் பிடித்துக்கொண்டு சொல்ல. இப்போது அதை மண்ணுக்குச் சொல்கிறேன்.

சுவாமியின் குரல் இறங்கிப்போய்விட்டது. ஆனாலும் நிறுத்தவில்லை.

"அந்தத் திருநாள் அண்டைக்கு உன்ரை வலது தோளிலை சீழ்க்கட்டு வந்து பழுத்திருந்ததாம். நீ ஒருத்தருக்கும் சொல்லாமல் சேட்டுக்குள்ளை மறைச்சுக்கொண்டு வந்தனியாம். தடி பட்டால் சனத்துக்கு முன்னாலை விழுந்துபோவாய் எண்டுதான் பியேர் உன்னைத் தள்ளினவனாம். கட்டு இருக்கெண்டு அவன் வாயாலை சொன்னால் உனக்கு வெக்கமாம். அதாலை நீ பேசினதெல்லாத்தையும் கேட்டுக்கொண்டு நிண்டவனாம்."

பஸ்ரியாம்பிள்ளை வண்டில் சில்லைப் பிடித்துக்கொண்டார். அந்தக் கட்டின் வலி மூன்று வருடம் கழித்து அவருடைய தோளில் திரும்ப எழும்பியது. அது வெளியில் ஒருவருக்கும் தெரியாது என்றுதான் இத்தனை நாளும் நினைத்திருந்தார். அவர் அல்போன்சம்மாவைத் திரும்பிப் பார்த்தார். அவள் நிலத்தைப் பார்த்துக்கொண்டு நின்றாள். நீயோ அவனுக்குச் சொன்னாய் என்று மெல்லக் கேட்டார். ஓம் என்றாள். அதை என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டார்.

"உங்களுக்கு ஆர் என்ன சொல்ல ஏலும்?" என்றாள் அல்போன்சம்மா.

அந்த அம்மா எழும்பி முழங்கால் மண்ணைத் தட்டினாள். நாளைக்கு யாழ்ப்பாணத்தில் இருந்து தந்தி அடிக்கிறேன், பியேருக்குச் செய்தி போகத்தானே வேண்டும், அவன் இதைத் தாங்கமாட்டான் என்றாள். பிறகு திரும்பி, விரலை நீட்டி, வண்டில்காரனைப் பார்த்து என்னவோ சுடச்சுடச் சொன்னாள். சுவாமி கைலேஞ்சியை எடுத்து நெற்றியைத் துடைத்தார். என்ன சொல்கிறா என்று பஸ்ரியாம்பிள்ளை கேட்டார். அது வேண்டாம் பஸ்ரி என்றார் சுவாமி. சொல்லுங்கோ என்று இவர் அதட்டினார்.

"பஸ்தியன் செத்து ஒரு வருசம்கூட ஆகேல்லை, அதுக்குள்ளை அவன்ரை வீட்டுக்குள்ளை பூந்து, அவன்ரை பெண்சாதியின்ரை கையாலை மீன்தலை வாங்கித் தின்னுற உனக்கு வெக்கமில்லையோ எண்டு கேக்கிறா."

சந்தியாப்பிள்ளை சிரிப்பை அடக்க ஏலாமல் சிலுவைக்குப் பின்னால் போய்விட்டார். செத்த பஸ்தியனுக்காகப் பஸ்ரியாம்பிள்ளைக்கும் உண்மையிலேயே கோபம் வந்தது, யாரடா அவன் என் வீட்டுக்குள் என்று. அடுத்த கணமே அந்தத் தந்தி கண்ணுக்கு முன்னால் வந்தது. பாரிசில் ஒரு குசினி, சோப்பு நுரைக்குள் இரண்டு கை, ஈரக்கையோடு தந்தியைப் பிரிக்கிற தம்பி.

"சுவாமி, நான்தான் அது எண்டு சொல்லுங்கோ."

சுவாமி தொண்டையைச் செருமிக்கொண்டு, ஆயரிடம் விளக்கம் கொடுப்பதுபோல் நீட்டி முழக்கி எதையோ தொடங்கினார். அவள் நம்பவில்லை. செத்தவனின் பெண்சாதியை எடுத்தது போதாமல் அவனுடைய பேரையும் எடுக்கிறானே என்றுதான் அவளுடைய முகம் சொன்னது. பஸ்ரியாம்பிள்ளை அதற்குமேல் பொறுக்கவில்லை. தலைத்துவாயை உருவி எறிந்தார். சேட்டைக் கழற்றி, கிட்டப் போய், வலது தோளை அவள் முகத்துக்கு நேரே திருப்பிக் காட்டினார். கட்டு உடைந்து ஆறிய வடு, ஒரு சதக் காசுக் குற்றியளவுக்கு, அங்கே கிடந்தது. பாரிசில் இராயப்பு தன் தோளில் விரல் வைத்து அவளுக்குக் காட்டிய அதே இடம்.

அவள் குனிந்து பார்த்தாள். விரலால் தொட்டுப் பார்த்தாள். பிறகு ஓலைத்தொப்பியைக் கழற்றி அதாலேயே அவரைப் போட்டு அடித்தாள். தோளில், முதுகில், பிடரியில் என்று ஓலை கிழியும் வரைக்கும் அடித்தாள். அவர் அசையாமல் நின்று வாங்கிக்கொண்டார். அடித்து முடிந்ததும் அவரைக் கட்டிப்பிடித்து அழுதாள். ஊர் முழுக்க ஒரேயடியாகச் சிரித்தது. அல்போன்சம்மா மட்டும் சிரிக்கவில்லை. சட்டைக்குள்ளிருந்து தாலிக்கொடியை எடுத்து வெளியே விட்டுவிட்டு, தாயின் சிலுவையில் கிடந்த மாலையைச் சரிப்படுத்தினாள்.

புத்தகத்தில் இனி ஒன்றும் மாற்ற ஏலாது, அங்கே எல்லாரும் வாசித்து முடித்துவிட்டார்கள் என்று அந்த அம்மா மன்னிப்புக் கேட்டாள். பரவாயில்லை, ஆனால் நான் அந்தத் தூரத்தில் தாழமாட்டேன் என்பதை மட்டும் அவவுக்கு விளங்கப்படுத்துங்கோ என்று சுவாமியிடம் கேட்டுக்கொண்டார் பஸ்ரியாம்பிள்ளை. அடுத்த புத்தகத்தில் நான் வருவேனா என்று சுவாமி சாடையாக விசாரித்தார். வந்தால் உயிரோடு வர விருப்பம் என்றும் சொல்லிவைத்தார்.

பின்நேரம் துறையடியில் படகு வெளிக்கிட நின்றது. தம்பிக்கு என்ன சொல்ல வேண்டும் என்று அந்த அம்மா கேட்டாள். பஸ்ரியாம்பிள்ளை சேட்டுப் பொத்தானைப் பூட்டினார், கழற்றினார், திரும்பவும் பூட்டினார். மன்னிப்பு என்ற சொல் அவர் வாயில் வந்து பழக்கமில்லை. படகுக்காரன் அவசரப்படுத்தினான். அல்போன்சம்மா அவரைப் பார்த்துக்கொண்டே நின்றாள்.

"இடது தடிக்குச் சந்தியாப்பிள்ளையின்ரை உயரம் காணாது" என்றார் கடைசியில். "மூண்டு திருநாளாய் அந்தோனியார் சரிஞ்சு சரிஞ்சுதான் ஊரைச் சுத்துறார். பாக்கிற சனம் சிரிக்குது. எனக்கு அளவான தோள் வேறை ஒருத்தருக்கும் இல்லையெண்டு அவனுக்குச் சொல்லச் சொல்லுங்கோ."

சுவாமி அதைப் பிரெஞ்சில் சொன்னார். அந்த அம்மா பிய்ந்த தொப்பியை மார்போடு அணைத்துக்கொண்டு தலையாட்டினாள். கயிறு அவிழ்த்து, படகு துறையை விட்டு விலகியது. இந்த முறை பஸ்ரியாம்பிள்ளை எங்கும் போகவில்லை. படகு கண்ணுக்கு மறையும் வரைக்கும் துறைக்கல்லின் நுனியில் நின்று, இரண்டு கையையும் தூக்கி ஆட்டிக்கொண்டே இருந்தார்.